‘எய்ம்லஸ்’ என்ற ஆங்கிலச் சொல்லை இடமறிந்து பயன்படுத்துவது எப்படி: முழுமையான வழிகாட்டி

திருப்பூரில் மாலை நேர ஆங்கில வகுப்பு எடுக்கிறேன். பனியன் கம்பெனிகளில் மெர்ச்சண்டைசராக, அதாவது ஆர்டர்களைக் கவனித்துக்கொள்பவராக, இருப்பவர்கள், அவிநாசி, பல்லடம் பக்கத்துக் கல்லூரி மாணவர்கள், கோவைக்கு நேர்முகத் தேர்வுக்குப் போகிறவர்கள் என்று கலவையான கூட்டம். ‘எய்ம்லஸ்’ என்றால் என்ன என்று கேட்டால் ‘நோக்கமில்லாத, குறிக்கோளற்ற’ என்று தயங்காமல் சொல்கிறார்கள். பொருள் சரி. அதை வைத்து ஒரு வாக்கியம் எழுதச் சொன்னால்தான் சிக்கல் தொடங்குகிறது.

பெரும்பாலோர் சொல்லை முதலில் பிடித்துக்கொண்டு, அதற்கு ஏற்ற வாக்கியத்தைப் பிறகு தேடுகிறார்கள். அப்படித் தேடினால் எந்த வாக்கியமும் பொருந்துவது போலத்தான் தெரியும். என்ன சொல்ல வருகிறோம், அதில் எது குறைகிறது என்று முதலில் பார்த்துவிட்டுச் சொல்லுக்கு வர வேண்டும். கீழே உள்ள படிகள் அந்த வரிசையில்தான் இருக்கின்றன. நடுவில் ஒன்றைத் தாண்டிப் போகாதீர்கள்.

1. முன்கூட்டியே எடுத்து வைக்க வேண்டியவை

ஆங்கிலம்–தமிழ் அகராதி மட்டும் போதாது. அது ‘நோக்கமற்ற’ என்று ஒரே சொல்லில் முடித்துவிடும். கற்போருக்காகவே எழுதப்பட்ட ஆங்கிலம்–ஆங்கில அகராதி வேண்டும். ஆக்ஸ்ஃபோர்டு, கேம்பிரிட்ஜ், லாங்மன் மூன்றையும் இணையத்தில் இலவசமாகப் பார்க்கலாம். லாங்மன் தன் விளக்கங்களை ஏறக்குறைய 2,000 எளிய சொற்களைக் கொண்டே எழுதுகிறது. பள்ளி ஆங்கிலம் ஓரளவு தெரிந்தவருக்கு அதில் பெரிய தடை இருக்காது.

அகராதியைத் திறக்கும் முன் இன்னொரு வேலை இருக்கிறது. ‘நோக்கமில்லாமல்’, ‘சும்மா’, ‘வீணாக’, ‘திக்குத் தெரியாமல்’ போன்ற சொற்கள் வருகிற ஐந்தாறு தமிழ் வாக்கியங்களை உங்கள் அன்றாடப் பேச்சிலிருந்து எடுத்து ஒரு நோட்டில் எழுதிக்கொள்ளுங்கள். அகராதியைப் பார்த்த பிறகு எழுதினால் அதிலுள்ள எடுத்துக்காட்டுகளையே தமிழில் மாற்றி எழுதுவீர்கள். உங்களுக்கு உண்மையில் எங்கே இடறுகிறது என்பது தெரியாமலே போய்விடும்.

2. ஒலியையும் எழுத்தையும் சரிசெய்யுங்கள்

முதல் அசையான ‘எய்ம்’ அழுத்தமாக வர வேண்டும். இரண்டாவது அசை மங்கலாக, ‘லஸ்’ என்று முடிய வேண்டும். நம் ஊரில் இரண்டையும் ஒரே எடையில் ‘எய்ம்-லெஸ்’ என்று சொல்வது வழக்கம். ‘லெஸ்’ என்று அழுத்தினால் கேட்பவர் காதில் ‘குறைவு’ என்ற பொருள்படும் தனிச்சொல் போல விழும். அதனால்தான் இந்தக் கட்டுரை முழுவதும் ‘எய்ம்லஸ்’ என்றே எழுதுகிறேன்.

எழுத்தில் இறுதியில் இரண்டு ‘எஸ்’ வரும். வினையைத் தழுவும் வடிவமான ‘எய்ம்லஸ்லி’யிலும் அந்த இரண்டு ‘எஸ்’ அப்படியே இருக்கும். பெயர்ச்சொல்லான ‘எய்ம்லஸ்னஸ்’ஸில் இரட்டை ‘எஸ்’ இரண்டு இடங்களில் வரும். மொத்தம் 11 எழுத்துகள்.

‘ஐ’ என்ற எழுத்துக்குப் பதில் ‘ஆர்’ விழுந்துவிட்டால் ‘ஆர்ம்லஸ்’, அதாவது கையில்லாத, என்றாகிவிடும். அதுவும் அகராதியில் உள்ள சொல் என்பதால் கணினியின் எழுத்துப்பிழை திருத்தி பேசாமல் இருந்துவிடும். ‘கையில்லாத கலந்துரையாடல்’ என்று ஒரு மின்னஞ்சல் வெளிநாட்டுக்குப் போய்ச் சேர்ந்ததை நான் பார்த்திருக்கிறேன்.

3. ‘எது இல்லை?’ என்று கேளுங்கள்

வழிகாட்டியின் மையம் இந்தப் படி. மற்றவற்றில் அவசரப்பட்டாலும் இதில் நிதானமாக இருங்கள்.

தமிழில் ‘இல்லாத’, ‘அற்ற’ என்பவை எதோடு வேண்டுமானாலும் ஒட்டும். ஆங்கிலத்தில் எது இல்லை என்பதைப் பொறுத்துச் சொல்லே மாறிவிடும். நோட்டில் எழுதிய ஒவ்வொரு வாக்கியத்துக்கும் பக்கத்தில், அங்கே குறைவது என்ன என்று ஒரே சொல்லில் குறித்துக்கொள்ளுங்கள்.

இலக்கு இல்லை என்றால் ‘எய்ம்லஸ்’. செய்கிறவரிடம் ‘எதற்காக?’ என்று கேட்டால் அவரிடமே பதில் இருக்காது. படிப்பு முடிந்து, அடுத்து என்ன என்று முடிவெடுக்காமல் நாளைக் கடத்துகிறவரின் வாழ்க்கைக்கு இது பொருந்தும்.

பலன் இல்லை என்றால் ‘பாயிண்ட்லஸ்’. இங்கே நோக்கம் தெளிவாக இருக்கலாம். செய்தும் பயனில்லை என்பதுதான் செய்தி. ஆர்டர் ரத்தான பிறகும் அதே நிறத்துக்கு லேப் டிப் (நிறம் சரிதானா என்று பார்க்கச் சாயமேற்றும் சிறு துணி மாதிரி) போட்டு அனுப்பிக்கொண்டிருப்பது பாயிண்ட்லஸ். அதை ‘எய்ம்லஸ்’ என்று எழுதினால், சாயப்பட்டறைக்காரருக்கு என்ன செய்கிறோம் என்றே தெரியவில்லை என்று அர்த்தமாகிவிடும். அவருக்கு நன்றாகவே தெரியும், பாவம். தகவல்தான் அவருக்கு வந்து சேரவில்லை. என் வகுப்பில் மிக அதிகமாக நடக்கும் குழப்பம் இந்த இரண்டுக்கும் இடையில்தான். ‘வீண்’ என்ற சொல் நம் மனத்தில் இரண்டுக்கும் பொதுவாகக் கிடப்பதால் வருகிற வினை இது.

வழி தெரியவில்லை என்றால் ‘லாஸ்ட்’. கோவை காந்திபுரத்தில் இறங்கி, எந்தப் பஸ் நிலையத்துக்குப் போக வேண்டும் என்று தெரியாமல் பையோடு சுற்றுகிறவர் எய்ம்லஸ் அல்லர். அவருக்குப் போக வேண்டிய இடம் உண்டு. போகும் வழிதான் தெரியவில்லை.

தலைமை இல்லை என்றால் ‘ரடர்லஸ்’. ரடர் என்பது கப்பலின் சுக்கான். முதலாளி மறைந்த பிறகு யார் சொல்வதைக் கேட்பது என்று தெரியாமல் தடுமாறும் நிறுவனத்துக்கும், தலைவர் விலகிய கட்சிக்கும் இதை எழுதுவார்கள். (காவிரியில் பரிசலுக்குச் சுக்கானே கிடையாது, துடுப்பை வைத்தே கரை சேர்த்துவிடுகிறார்கள். ஆங்கிலேயர் கப்பல்காரர்கள் என்பதால் அவர்களுக்கு இது பெரிய குறையாகப் பட்டிருக்கிறது.) ‘டைரக்‌ஷன்லஸ்’ ஏறக்குறைய இதற்கு அருகில் வரும். ஆனால் அதை மனிதருக்கும், கொள்கைக்கும், திட்டத்துக்கும் தாராளமாகப் பயன்படுத்தலாம்.

பிடிமானம் இல்லை என்றால் ‘அட்ரிஃப்ட்’. கயிறு அறுந்த படகு தண்ணீர் போன பக்கம் போவதைக் குறிக்கும் சொல். வேலை போய், குடும்பத்தையும் விட்டு விலகி நிற்கும் ஒருவரைப் பற்றி எழுத இது பொருந்தும். ‘எய்ம்லஸ்’ஸில் லேசாகக் குற்றச்சாட்டு இருக்கிறது, ‘அட்ரிஃப்ட்’டில் இரக்கம் இருக்கிறது.

தெம்பு இல்லை என்றால் ‘லிஸ்ட்லஸ்’. காய்ச்சல் விட்ட மறுநாள் சுவரைப் பார்த்தபடி உட்கார்ந்திருப்பது இதுதான். இதை ‘லிஸ்ட் இல்லாத’ என்று பிரித்துப் பொருள் சொல்லாதீர்கள்.

‘கோல்லஸ்’ என்ற சொல்லைப் பற்றித் தனி எச்சரிக்கை. ‘கோல்’ என்றால் இலக்கு என்று பள்ளியிலேயே படித்துவிட்டதால், ‘கோல்லஸ் யூத்’ என்று கட்டுரை எழுதுகிறவர்கள் இருக்கிறார்கள். செய்தித்தாள் ஆங்கிலத்தில் இந்தச் சொல் பெரும்பாலும் விளையாட்டுப் பக்கத்தில்தான் வரும். கால்பந்தில் இரு அணியும் கோல் அடிக்காமல் 0-0 என்று முடிந்த ஆட்டம்தான் ‘கோல்லஸ் டிரா’. இளைஞரைப் பற்றி எழுதும்போது இதை விட்டுவிடுங்கள்.

4. யாரைப் பற்றி, எதைப் பற்றி என்று பாருங்கள்

இலக்கு இல்லாததுதான் குறை என்று உறுதியான பிறகும் ஒரு வடிகட்டல் பாக்கி இருக்கிறது. ‘எய்ம்லஸ்’ மனிதருக்கும், மனிதர் செய்யும் செயலுக்கும், அவர் கழிக்கும் காலத்துக்கும் பொருந்தும். எய்ம்லஸ் வாழ்க்கை, எய்ம்லஸ் பேச்சு, எய்ம்லஸ் நடை, எய்ம்லஸ் பிற்பகல் எல்லாம் இயல்பானவை. உயிரற்ற பொருளுக்கு வைத்தால் ஒட்டாது. ‘எய்ம்லஸ் நாற்காலி’ என்று எவரும் எழுத மாட்டார்.

‘எய்ம்’ என்பதற்குக் குறிபார்த்தல் என்ற பொருளும் இருப்பதால், குறி தவறி வந்து பட்ட தோட்டாவை ‘எய்ம்லஸ் புல்லட்’ என்று எழுதத் தோன்றும். அதற்கு ‘ஸ்ட்ரே புல்லட்’ என்று தனிச் சொல்லே இருக்கிறது. தெருநாயும் ‘ஸ்ட்ரே’தான்.

ஒரே வேலையைத் திரும்பத் திரும்பச் செய்வதை எய்ம்லஸ் என்று நினைத்துவிடாதீர்கள். சோமனூரில் ஒரு தறிக்கூடத்து வாசலில் நின்று பாருங்கள். குறுக்கு நூலை இழுத்துச் செல்லும் நாடா இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் ஓடிக்கொண்டே இருக்கும். சலிப்பூட்டும் ஓட்டம், ஆனால் ஒவ்வொரு ஓட்டத்துக்கும் ஓர் ஊடை (குறுக்கு இழை) விழுகிறது, துணி வளர்கிறது. தறி ஓட்டுகிறவரின் வேலையைச் சொல்ல ‘ரிபெட்டிட்டிவ்’ அல்லது ‘மொனாட்டனஸ்’ வேண்டும்.

அதேபோல, மெதுவாக நடப்பதும் சுற்றிப் போவதும் எய்ம்லஸ் ஆகிவிடாது. தைப்பூசத்துக்குத் தாராபுரம் வழியாகப் பழனிக்கு நடந்து போகிறவர்கள் வழியில் நூறு இடத்தில் உட்காருவார்கள், மோர் குடிப்பார்கள், பாதை மாறுவார்கள். ஆனால் எங்கே போகிறோம் என்பதில் அவர்களுக்குக் கொஞ்சமும் ஐயமில்லை. காங்கேயம் பக்கம் கிளுவை வேலி போட்ட கொரங்காட்டில் (மேய்ச்சல் நிலத்தில்) மாடு அங்கும் இங்கும் போவது நமக்கு எய்ம்லஸ் போலத் தெரியலாம். மாட்டுக்குப் புல் இருக்கும் இடம்தான் குறி. அதற்கு ‘கிரேஸ்’ என்ற வினையே போதும்.

5. ‘சும்மா’வை அப்படியே தூக்கி வைக்காதீர்கள்

தமிழரின் ஆங்கிலத்தைக் காட்டிக்கொடுக்கும் சொற்களில் ‘சும்மா’வுக்குத்தான் முதலிடம். ஒரு காலத்தில் அதற்கு ‘சிம்ப்ளி’ என்று போட்டார்கள். ‘சிம்ப்ளி ஐ கேம்’ இன்னும் ஓய்ந்தபாடில்லை. அது தவறு என்று யாராவது சொல்லிக்கொடுத்ததும், அடுத்ததாக ‘எய்ம்லஸ்லி’க்குத் தாவுகிறார்கள். இது அதைவிட மோசம்.

பக்கத்து வீட்டுக்காரர் திண்ணையில் வந்து உட்காருகிறார். “என்ன விசேஷமுங்க?” என்று கேட்டால், “சும்மாதானுங்க வந்தேன்” என்கிறார். அந்தச் ‘சும்மா’வில் பணிவு இருக்கிறது, உறவு இருக்கிறது, உங்களிடம் எதுவும் கேட்டு வரவில்லை என்ற உறுதியும் இருக்கிறது. ஆங்கிலத்தில் இதற்கு ‘ஐ ஜஸ்ட் டிராப்ட் பை’ என்பார்கள். ‘ஐ கேம் எய்ம்லஸ்லி’ என்றால் எதற்கு வந்தோம் என்று தெரியாமல் வந்து நிற்கிறார் என்று ஆகும். கேட்பவர் கவலைப்பட்டு மருத்துவரைக் கூப்பிடக்கூடும்.

‘சும்மா சொன்னேன்’ என்பது வேறு. அது கிண்டல், ‘ஐ வாஸ் ஜஸ்ட் கிடிங்’. ‘சும்மா இரு’ என்றால் தொந்தரவு செய்யாதே என்று பொருள். ‘சும்மா கொடுத்தார்’ என்றால் காசு வாங்கவில்லை, ‘ஃப்ரீ’. ‘மகன் வீட்டில் சும்மா இருக்கிறான்’ என்று அம்மா சொன்னால் அவனுக்கு வேலை இல்லை என்பதுதான் செய்தி. வேலை தேடிக்கொண்டிருப்பவனை எய்ம்லஸ் என்று எழுதுவது அநியாயம். அதற்கு ‘அன்எம்ப்ளாய்டு’, அல்லது ‘லுக்கிங் ஃபார் வொர்க்’.

மிச்சமிருப்பது ‘கோயில் மாடு போலச் சும்மா ஊர் சுற்றுகிறான்’ என்ற வகை. இங்கேதான் எய்ம்லஸ்லி பொருந்துகிறது. எங்கே போகிறான் என்று கேட்டால் அவனுக்கே தெரியாது. ஆனால் கோயில் மாட்டை ஆங்கிலத்துக்கு இழுத்துக்கொண்டு போக வேண்டாம். ‘ஹீ வாண்டர்ஸ் அரவுண்ட் எய்ம்லஸ்லி’ என்றாலே போதும். ‘லாய்ட்டர்’ என்ற வினையும் இங்கே நினைவுக்கு வரும். அதில் சந்தேகத்துக்கிடமாக ஓரிடத்தில் நிற்பது என்ற நிழல் விழுவதால், காவல் துறை அறிவிப்புகளில் காணலாம். உங்கள் தம்பியைப் பற்றி எழுதும்போது வேண்டாம்.

6. வாக்கியத்தில் சரியான இடத்தில் வையுங்கள்

பெயருக்கு முன் வந்தால் ‘எய்ம்லஸ்’. உயிரொலியில் தொடங்குவதால் முன்னால் ‘ஏ’ அல்ல, ‘ஆன்’ வரும்: ‘ஆன் எய்ம்லஸ் டிஸ்கஷன்’. ‘சீம்ட்’, ‘ஃபெல்ட்’ போன்ற வினைகளுக்குப் பின்னும் அதே வடிவம்தான்: ‘ஹிஸ் லைஃப் சீம்ட் எய்ம்லஸ்’. இங்கே ‘எய்ம்லஸ்லி’ போட்டுவிடுவது பரவலான பிழை. வினையை ஒட்டி வருகிறதே என்று தோன்றுவதுதான் காரணம்; உண்மையில் அது வாழ்க்கையைத்தான் விவரிக்கிறது.

செயல் எப்படி நடந்தது என்று சொல்லும்போது மட்டும் ‘எய்ம்லஸ்லி’. அது எல்லா வினையோடும் சேராது. ‘வாண்டர்’, ‘டிரிஃப்ட்’, ‘வாக்’, ‘டிரைவ்’, ‘ஸ்க்ரோல்’ போன்ற நகர்ச்சியுள்ள வினைகளோடு அடிக்கடி சேரும். கைபேசித் திரையை விரலால் தள்ளிக்கொண்டே போவதற்கு ‘எய்ம்லஸ்லி ஸ்க்ரோலிங்’ இப்போது எங்கும் அடிபடுகிறது. ‘எய்ம்லஸ்லி ஸ்டடீட்’ என்று எழுதினால் பிழையென்று சொல்ல முடியாது. ஆனாலும் காதில் உறுத்தும்.

‘ஹீ இஸ் எய்ம்லஸ் இன் ஸ்டடீஸ்’ என்று ‘இன்’ சேர்ப்பது ‘படிப்பில் நோக்கமில்லாதவன்’ என்ற தமிழின் நேர்ப் பிரதி. ‘ஹீ இஸ் டிரிஃப்டிங் த்ரூ காலேஜ்’ என்று வாக்கியத்தையே மாற்றிவிடுங்கள்.

முன்பு சொன்ன ‘அட்ரிஃப்ட்’ பெயருக்கு முன் வருவதில்லை. ‘த போட் வாஸ் அட்ரிஃப்ட்’ சரி. ‘ஆன் அட்ரிஃப்ட் போட்’ தவறு.

7. யார் காதில் விழும் என்று யோசியுங்கள்

தன்னைப் பற்றியோ ஒரு மாலைப் பொழுதைப் பற்றியோ சொல்லும்போது இந்தச் சொல்லில் கடுமை இல்லை. விடுமுறையில் கோவை ஒப்பணக்காரத் தெருவில் கடை கடையாக எய்ம்லஸ்லி நடந்தோம் என்றால் இன்பமாகவே இருக்கும். மற்றவர் மீது வைத்தவுடன் அது தீர்ப்பாகிவிடும்.

என்னிடம் படித்த ஒருவர், பையர், அதாவது சரக்கு வாங்கும் நிறுவனத்தார், அனுப்பிய குழப்பமான திருத்தக் குறிப்புகளுக்கு ‘யுவர் கமெண்ட்ஸ் ஆர் எய்ம்லஸ்’ என்று பதில் தட்டச்சு செய்து, அனுப்பும் முன் என்னிடம் காட்டினார். அவர் சொல்ல நினைத்தது ‘புரியவில்லை’ என்பது. எழுதியது ‘நீங்கள் என்ன கேட்கிறீர்கள் என்று உங்களுக்கே தெரியவில்லை’ என்பது. ஒருவேளை அதுதான் உண்மையாகவும் இருக்கலாம். ஆனால் ஆர்டர் வேண்டுமே! ‘குட் யூ ப்ளீஸ் க்ளாரிஃபை’ என்று மாற்றி அனுப்பினோம்.

நேர்முகத் தேர்விலும் இதே கவனம் வேண்டும். ‘மை எய்ம் இன் லைஃப்’ கட்டுரையைப் பள்ளியில் எழுதி எழுதி வளர்ந்த நமக்கு, பட்டம் முடித்து இடையில் விட்ட ஓர் ஆண்டைப் பற்றிக் கேட்டால் ‘ஐ வாஸ் எய்ம்லஸ்’ என்று வாயில் வந்துவிடுகிறது. நேர்மையான பதில்தான், ஆனால் உங்கள் மேல் நீங்களே முத்திரை குத்திக்கொள்கிறீர்கள். ‘ஐ டுக் சம் டைம் டு டிசைட் வாட் ஐ வான்டட் டு டூ’ என்பதும் அதே உண்மைதான். முடிவெடுத்தேன் என்ற செய்தியும் அதில் சேர்ந்துவிடுகிறது.

8. எதிர்ச்சொல்லும் ‘லஸ்’ பொறியும்

‘யூஸ்லஸ்’ஸுக்கு ‘யூஸ்ஃபுல்’ என்பதைப் பார்த்து ‘எய்ம்ஃபுல்’ என்று உருவாக்காதீர்கள். புழக்கத்தில் இருப்பது ‘பர்பஸ்ஃபுல்’.

‘லஸ்’ வந்தாலே குறை என்ற கணக்கும் தவறு. ‘பிரைஸ்லஸ்’ என்றால் விலை மதிக்க முடியாத, பாராட்டுச் சொல். மதிப்பே இல்லாதது ‘வொர்த்லஸ்’.

9. பயிற்சி

நோட்டில் எழுதிய வாக்கியங்களை இப்போது படி 3-லிருந்து வரிசையாகச் சலித்துப் பாருங்கள். கைப்பழக்கத்துக்கு இன்னும் சில கீழே. விடையைக் கையால் மறைத்துக்கொண்டு, எது இல்லை என்பதை மட்டும் முதலில் எழுதுங்கள்.

அ. ஈரோட்டுக்கு மஞ்சள் ஏற்றி வந்த லாரி, பைபாஸில் எந்தப் பக்கம் திரும்புவது என்று தெரியாமல் ஒரு மணி நேரம் சுற்றியது.

ஆ. கூட்டம் மதியம் வரை நடந்தது. எதை முடிவு செய்யக் கூடினோம் என்று யாரும் சொல்லவில்லை.

இ. மழை பெய்து முடித்த மறுநாள் தென்னைக்குத் தண்ணீர் பாய்ச்சினார்.

ஈ. தலைவர் ராஜினாமா செய்த பிறகு சங்கத்தில் ஆளுக்கொரு பக்கம் இழுக்கிறார்கள்.

உ. ஞாயிற்றுக்கிழமை மாலை வ.உ.சி. பூங்காவில் சும்மா நடந்தோம்.

விடைகள்: அ-வில் வழி இல்லை, எனவே லாஸ்ட். ஆ-வில் இலக்கு இல்லை, எய்ம்லஸ். இ-யில் பலன் இல்லை; பாயிண்ட்லஸ். ஈ-யில் தலைமை இல்லை, ரடர்லஸ்.

உ-வில் மாணவர்கள் நிறையச் சண்டை போடுவார்கள். ‘வீ வாக்ட் எய்ம்லஸ்லி’ என்றால் இலக்கணப்படி சரி. படி 7-ல் பார்த்தது போல, விடுமுறை, கடைத்தெரு என்று சூழலும் சேர்ந்து வந்தால் இன்பமாகவே இருக்கும். ஆனால் தனி வாக்கியமாக நின்றால் மனம் எங்கோ இருந்தது போன்ற ஒரு சாயல் விழக்கூடும். காற்று வாங்கப் போனீர்கள் என்றால் ‘வீ வென்ட் ஃபார் எ ஸ்ட்ரோல்’ என்று எழுதுங்கள். உலாவுவதே அங்கே நோக்கம். ஆக எதுவும் இல்லாமல் போகவில்லை.